தலைப்பில் 'கடல்': ஒரு மேசைக்காகச் செப்பனிட்ட புத்தகங்கள்

எங்கள் படிப்பகம் தூத்துக்குடி மாவட்டத்துக் கடற்கரை ஊர் ஒன்றில் இருக்கிறது. அதன் வாசலை ஒட்டி ஒரு நீண்ட மேசை போட்டிருக்கிறோம். அலமாரிப் பக்கமே போகாதவர்கள்கூட அந்த மேசையில் கிடப்பதைப் புரட்டிப் பார்த்துவிட்டுத்தான் செய்தித்தாளை எடுப்பார்கள் என்பதால், அவ்வப்போது ஏதாவது ஒரு தொகுப்பைத் தேர்ந்தெடுத்து அதில் பரப்பி வைப்பது வழக்கம். இம்முறை ஆசிரியர், பொருள், காலம் எதையும் கணக்கில் கொள்ளாமல், தலைப்பில் 'கடல்' என்ற சொல் இருக்கும் புத்தகங்களை மட்டும் வைப்பது என்று முடிவாயிற்று. எடுத்துப் பார்த்தால் அவற்றில் பெரும்பாலானவை மேசையில் வைக்கும் நிலையில் இல்லை. எனவே முதலில் செப்பனிட வேண்டியதாயிற்று. அந்த வேலையின் பதிவுதான் இது. பைண்டிங் தொழில் தெரிந்தவர்களுக்கு இதில் புதிதாக எதுவும் இருக்காது. சிறு படிப்பகத்தையோ வீட்டு அலமாரியையோ பார்த்துக்கொள்பவர்களுக்கு உதவலாம்.

தேடி எடுப்பதிலேயே சிறு சிக்கல் இருந்தது. எங்கள் நூற்பதிவேடு கணினியில் இருக்கிறது. அதில் 'கடல்' என்று புள்ளியோடு தட்டினால் 'கடல்புறா' கிடைக்கும், 'கடலோடி' கிடைக்காது. புள்ளியை விட்டுவிட்டு 'கடல' என்று தட்டினால் இரண்டும் கிடைக்கும், தலைப்பின் நடுவில் அச்சொல்லைக் கொண்ட 'ஒரு கடலோர கிராமத்தின் கதை'யும் வந்துவிடும். 'கடற்கரையினிலே' அப்போதும் சிக்காது. அதற்கு 'கடற்' என்று தனியாகத் தேட வேண்டும். அலை, ஆழி, நெய்தல் என்று பெயர் கொண்டவற்றைச் சேர்ப்பதில்லை என்று கறாராக இருந்தோம். அதனால் ராஜம் கிருஷ்ணனின் 'அலைவாய்க் கரையில்', ஜோ டி குரூஸின் 'ஆழி சூழ் உலகு' இரண்டும் மேசைக்கு வரவில்லை. இரண்டுமே எங்கள் கரையைப் பற்றிய நாவல்கள், எங்கள் வாசகர்கள் அதிகம் கேட்டு வாங்குபவை என்பதால் இதில் சிலருக்கு மனத்தாங்கல் உண்டு. ஆனால் விதியைத் தளர்த்தினால் இது வழக்கமான 'நெய்தல் இலக்கிய' அடுக்காக மாறிவிடும். அப்படியோர் அடுக்கு எங்களிடம் ஏற்கெனவே இருக்கிறது.

1924இல் சென்னைப் பல்கலைக்கழக நூலகராகப் பொறுப்பேற்ற எஸ். ஆர். ரங்கநாதன், நூல்களைப் பொருள்வாரியாகப் பகுத்து அடுக்குவதற்கான கோலன் பகுப்பு முறையை 1933இல் வெளியிட்டார். அந்த முறையிலோ வேறெந்தப் பகுப்பு முறையிலோ அடுக்கினால் இந்தப் புத்தகங்களில் பாதி ஒன்றையொன்று பார்க்கவே வாய்ப்பில்லை. ரா. பி. சேதுப்பிள்ளையின் உரைநடை ஓரிடத்திலும், நரசய்யாவின் கடற்படை அனுபவங்கள் வேறோரிடத்திலும், ஹெமிங்வேயின் மொழிபெயர்ப்பு இன்னோரிடத்திலும் போய்விடும். ஒரே சொல்லைப் பிடித்துக்கொண்டு இழுத்ததால் அவை ஒரே மேசைக்கு வந்தன. அதோடு நான் எதிர்பாராத ஒன்றும் சேர்ந்து வந்தது. பாரம் பாரமாக (ஒரே தாளை மடித்து உண்டாகும் பக்கத் தொகுதிதான் பாரம்) நூலால் தைத்த காலிக்கோ துணிக் கட்டு, வார இதழ்ப் பக்கங்களைக் கத்தரித்து வீட்டுக்காரர் கட்டிக்கொண்ட தொகுதி, பக்கவாட்டில் கம்பி அடித்த மெல்லிய நூல், வெறும் பசையில் நிற்கும் மெல்லட்டைப் புத்தகம் என்று, தமிழ்ப் புத்தகக் கட்டுமானத்தில் உள்ள வகைகள் அநேகமாக எல்லாமே அந்த மேசையில் இருந்தன. ஒவ்வொரு வகையும் தனக்கே உரிய இடத்தில்தான் விட்டுப்போகும். ஆகவே எல்லாவற்றையும் ஒரே மாதிரி சிவப்பு ரெக்ஸினில் போர்த்திக் கொடுக்கும் நூலக பைண்டிங் இங்கே கூடாது என்பதில் மட்டும் தொடக்கத்திலிருந்தே உறுதியாக இருந்தேன். அவ்வகை பைண்டிங்கில் ஓரம் வெட்டப்படும், பழைய அட்டை குப்பைக்குப் போகும், பக்கவாட்டுத் தையல் உள்ஓர எழுத்துகளை விழுங்கிவிடும்.

முதல் வேலை பூச்சி. எங்கள் ஊரில் இராமபாணப் பூச்சி என்று சொல்லப்படும் வெள்ளி நிறப் பூச்சி பசையையும் தாளின் மேற்பூச்சையும் சுரண்டித் தின்னும். தாளைத் துளைத்துக்கொண்டே போகும் வண்டுப் புழு வேறு. இரண்டிற்கும் நாப்தலீன் உருண்டை போட்டு வைப்பதில் பெரிய பயன் இல்லை. புத்தகத்தை பாலித்தீன் உறையில் காற்றுப் போகாமல் ஒட்டி, மைனஸ் 18 டிகிரிக்கு இறங்கும் ஃப்ரீசரில் இரண்டு வாரம் வைத்தால் பூச்சியும் முட்டையும் சாகும். வெளியே எடுத்தவுடன் உறையைப் பிரிக்கக் கூடாது. அறை வெப்பத்துக்கு வரும்வரை அப்படியே ஒரு நாள் விட்டால், குளிரில் திரளும் ஈரம் உறையின் வெளிப்புறத்தில்தான் படியும். உடனே பிரித்தால் அது தாளில் படிந்துவிடும். எங்கள் ஊரில் ஃப்ரீசருக்குக் குறைவில்லை என்றாலும் அவற்றில் பெரும்பாலானவை மீன் வைப்பவை. ஐஸ்கிரீம் விற்கும் கடையில் ஒரு மூலையைக் கேட்டு வாங்கிக்கொண்டோம்.

பிறகு தூசு தட்டுதல். நிழலில், காற்றோட்டமான இடத்தில், மென்மையான தூரிகையால், முதுகிலிருந்து வெளி ஓரத்தை நோக்கி ஒரே திசையில் ஒவ்வொரு தாளாகத் தள்ள வேண்டும். பூஞ்சணம் பிடித்த புத்தகம் என்றால் முகக்கவசம் இல்லாமல் தொடக் கூடாது. வெயிலில் காயப்போடுவது நம் வீடுகளில் வழக்கம்தான். ஆனால் மலிவுத் தாளை வெயில் பழுப்பாக்கிவிடும். மரக்கூழில் லிக்னின் என்ற, நார்களைப் பிணைக்கும் பொருள் நீக்கப்படாமல் செய்யப்படும் செய்தித்தாள் ரகத் தாளுக்கு வெளிச்சமே எதிரி.

பசையைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் வேலையின் தரம் பெரும்பாலும் அதில்தான் இருக்கிறது. தச்சர்கள் பயன்படுத்தும் வெள்ளைப் பசை நன்றாக ஒட்டும், ஆனால் காய்ந்துவிட்டால் திரும்பக் கரையாது. நாளை இன்னொருவர் அதே புத்தகத்தைச் செப்பனிட முனைந்தால் தாளோடு சேர்ந்துதான் உரியும். கிழிசல் ஒட்ட நான் பயன்படுத்துவது கோதுமை மாப்பசை, இன்னும் சரியாகச் சொன்னால் அதன் மாச்சத்து மட்டும். மைதாவைப் பிசைந்து உருண்டையாக்கித் தண்ணீருக்குள் வைத்துக் கசக்கினால், திருநெல்வேலி அல்வாவுக்குப் பால் எடுப்பதைப் போலவே, வெள்ளைப் பால் இறங்கும். கையில் ரப்பர் மாதிரி மிஞ்சுவது பசைப் புரதம், அது வேண்டாம். பாலைத் தெளியவிட்டு அடியில் படிந்த மாவை எடுத்து உலர்த்தி வைத்துக்கொள்ளலாம். ஒரு பங்கு மாவுக்கு ஐந்து பங்கு தண்ணீர் சேர்த்து, கொதிநீர்ப் பாத்திரத்துக்குள் இன்னொரு பாத்திரம் வைத்து, வெண்மை மங்கிக் கண்ணாடி போலத் தெளியும்வரை அரை மணி நேரம் கிளற வேண்டும். ஆறியதும் மெல்லிய சல்லடையில் தேய்த்து வடித்து, தேவைப்படும்போது சிறிது தண்ணீர் விட்டு மோர்ப் பதத்துக்குக் கொண்டுவரலாம். குளிர்பெட்டியில் வைத்தாலும் நான்கைந்து நாளைக்கு மேல் நிற்காது. புளித்த வாடை வந்தால் கொட்டிவிட வேண்டியதுதான்.

இந்த இடத்தில் எனக்கு வேலை கற்றுக்கொடுத்த அண்ணாச்சிக்கும் எனக்கும் ஒரு கருத்து வேறுபாடு உண்டு. அவர் நெடுங்காலம் பைண்டிங் கடை வைத்திருந்து ஓய்ந்தவர். "மயில்துத்தம் போடாம பசை காய்ச்சுனா கரப்பான் தின்னுட்டுப் போயிரும் தம்பி" என்பது அவர் கட்சி. அவர் சொல்வதில் பொய்யில்லை. தாமிரச் சத்துள்ள அந்த நீல உப்பு பூச்சியையும் பூஞ்சணத்தையும் அண்டவிடாது, நம் பைண்டிங் கடைகளில் தலைமுறைகளாக அது பசையில் சேர்க்கப்பட்டு வந்திருக்கிறது. ஆனால் தாமிரம் தாளின் நாரை ஆக்சிஜனேற்றத்தால் அரிக்கும் வேலையை விரைவுபடுத்துகிறது என்பதால் இன்றைய பாதுகாப்பு வல்லுநர்கள் அதை விலக்குகிறார்கள். கணக்குப் புத்தகமோ பள்ளி நோட்டோ என்றால் அண்ணாச்சி வழி சரி. நூறாண்டு நிற்க வேண்டிய புத்தகத்துக்கு, பூச்சியை அலமாரியின் சுத்தத்தாலும் காற்றோட்டத்தாலும் தடுத்துக்கொண்டு, பசையைச் சுத்தமாக வைப்பதே மேல் என்பது என் முடிவு. "சரி, பொறவு எங்கிட்ட வந்து சொல்லக் கூடாது" என்று சொல்லிவிட்டு, தன் திருகு அழுத்தியை எனக்குக் கொடுத்துவிட்டார்.

அதிக நேரம் பிடித்தது சேதுப்பிள்ளையின் 'கடற்கரையினிலே'. சாகித்திய அகாதெமி தமிழுக்கு அளித்த முதல் பரிசை 1955இல் 'தமிழின்பம்' நூலுக்காகப் பெற்றவர் அவர். இந்த நூலில் புலவர்களும் பெரியோர்களும் கடற்கரையில் நின்று பேசுவதாகக் கற்பனை செய்து எழுதியிருக்கிறார். எதுகையும் மோனையும் அலையலையாக வரும் அந்த நடை இன்றைக்குச் சிலருக்குத் திகட்டலாம். வாய்விட்டுப் படித்தால் அதன் கணக்கு புரியும். எங்கள் பிரதி கிரவுன் அளவில் ஈய எழுத்தில் அச்சிட்டது. தாளின் பின்புறத்தை விரலால் தடவினால் எழுத்துகள் புடைத்திருப்பது தெரியும். பதினாறு பக்கப் பாரங்களை மடிப்பில் தைத்து, காலிக்கோ துணி போர்த்திய கெட்டி அட்டைக்குள் வைத்த நல்ல கட்டு. அப்படிப்பட்ட கட்டுக்கு வரும் நோய் இரண்டுதான். அட்டையும் முதுகும் சேரும் கணுவில் துணி இற்றுப்போகும். முதல் பாரமும் கடைசிப் பாரமும் தளர்ந்து வெளியே வரும். இதில் இரண்டும் நடந்திருந்தன.

அட்டையை முழுதாகக் கழற்றி, முதுகில் படிந்திருந்த பழைய வச்சிரப் பசையை (விலங்குத் தோல், எலும்பிலிருந்து காய்ச்சுவது), கெட்டியான மாப்பசையைப் பூசிச் சிறிது நேரம் ஊறவிட்டு, மழுங்கிய கத்தியால் வழித்தெடுத்தேன். உள்ளே இருந்த பாரங்களின் தையல் திடமாக இருந்ததால் அவற்றைப் பிரிக்கவில்லை. திடமாக இருப்பதைத் தொடாமல் விடுவதுதான் இந்த வேலையில் பாதி. தளர்ந்த இரண்டு பாரங்களில் வெளித் தாள்களின் மடிப்பு கிழிந்து தனித்தாளாகியிருந்தது. மடிப்புக்கு மெல்லிய ஜப்பானியத் தாளில் ஒரு பட்டை கொடுத்து அவற்றை மறுபடி ஜோடியாக்க வேண்டும்.

இந்தத் தாளைக் கத்தரிக்கக் கூடாது. வேண்டிய அளவில் ஈரத் தூரிகையால் ஒரு கோடு போட்டு, அந்த ஈரக் கோட்டின் வழியே இரண்டு கையாலும் மெல்ல இழுத்தால் தாள் நார் நாராகப் பிரிந்து, விளிம்பில் பூனை மீசை போன்ற இழைகள் நீட்டிக்கொண்டிருக்கும். அந்த இழைகள்தான் பழைய தாளுக்குள் கலந்து பிடித்துக்கொள்கின்றன. கத்தரித்த நேர் விளிம்பு என்றால் சில ஆண்டுகளில் அதே கோட்டில் பழைய தாள் மடிந்து ஒடியும். கிழிசல்களுக்குச் சதுர மீட்டருக்கு 9 முதல் 12 கிராம் எடையுள்ள தாள் போதும். எழுத்தின் மேல் ஒட்டினாலும் படிக்க முடியும். மடிப்புக்குச் சற்றுத் தடித்தது வேண்டும். ஒட்டிய இடத்தின் மேலும் கீழும் பட்டர் பேப்பரும் ஒற்றுத்தாளும் வைத்து, ஒரு கனமான பொருளால் அழுத்திக் காயவிட வேண்டும். பட்டர் பேப்பரை மறந்தால் ஒற்றுத்தாள் புத்தகத்தோடு ஒட்டிக்கொள்ளும்.

மெழுகு தடவிய லினன் நூலால் அந்த இரண்டு பாரங்களையும் பழைய துளைகளின் வழியே தைத்து, ஒவ்வொரு வரிசையின் முனையிலும் கீழுள்ள பாரத்தின் தையலுக்குள் ஊசியை நுழைத்துக் கண்ணி போட்டுக் கட்டினேன். பிறகு முதுகுக்கு மல் துணி, அதன்மேல் தட்டையான காகிதக் குழல். இந்தக் குழலின் ஒரு பக்கம் பாரங்களின் முதுகோடும் மறுபக்கம் அட்டையின் முதுகுத் துணியோடும் ஒட்டியிருப்பதால், புத்தகத்தை விரிக்கும்போது நடுவில் இடைவெளி உண்டாகி, முதுகில் பொன்னெழுத்தில் அச்சிட்ட தலைப்பு மடிந்து உதிராது. குழலுக்கும் அட்டைக்கும் எடுக்கும் எந்தத் தாளானாலும் அதன் நாரோட்டம் முதுகுக்கு இணையாக இருக்க வேண்டும். தாளை இரு திசையிலும் லேசாக வளைத்துப் பார்த்தால் எந்தப் பக்கம் எளிதாக வளைகிறதோ, அந்த வளைவின் மடிப்புக் கோடு ஓடும் திசையே நாரோட்டத்தின் திசை. இதைக் கவனிக்காமல் ஒட்டிய அட்டை, எங்கள் ஊர்க் காற்றின் ஈரத்தில், ஒரு மழைக்காலத்துக்குள் கருவாடாக முறுக்கிக்கொள்ளும். பழைய அட்டைத் துணியை இரு பக்கமும் ஒரு சென்டிமீட்டர் அளவுக்குக் கத்தியால் கிளப்பி, அதனடியில் அதே பழுப்பு நிறத்தில் புதிய துணியைச் செருகி ஒட்டி, மேலே பழைய முதுகுத் துண்டைத் திரும்ப வைத்தேன். இப்போது பார்த்தால் கணுவில் மட்டும் புதுத் துணி ஒரு விரல் அகலத்துக்குத் தெரியும். தெரியட்டும், செப்பனிட்டதை மறைப்பது நோக்கமில்லை.

சாண்டில்யனின் 'கடல்புறா' இதற்கு நேரெதிர். கலிங்கத்துப்பரணி பாடும் படைத்தலைவன் கருணாகரத் தொண்டைமானைக் கடலோடியாக்கி, ஸ்ரீவிஜயத்துக்கும் சோழநாட்டுக்கும் இடையே கப்பலோட்டவிட்ட அந்த நாவல் குமுதத்தில் தொடராக வந்தது. எங்களிடம் இருப்பது வானதி பதிப்பகம் நூலாக வெளியிட்ட பதிப்பு அல்ல; ஒரு குடும்பத்தார் வாராவாரம் பக்கங்களைக் கத்தரித்துச் சேர்த்து, தொடர் முடிந்ததும் கட்டி வைத்து, பின்னாளில் படிப்பகத்துக்குக் கொடுத்த தொகுதி. அச்சுப் புத்தகத்தில் கிடைக்காதவை இதில் இருக்கின்றன: ஓவியர் லதாவின் படங்கள் அத்தியாயத்துக்கு அத்தியாயம் அவற்றுக்குரிய இடத்தில் உள்ளன, அத்தியாயம் முடியும் பக்கத்தின் பின்புறத்தில் அந்த வாரத்து விளம்பரமோ துணுக்கோ பாதியில் வெட்டுப்பட்டு நிற்கிறது. இரண்டு வாரத்துப் பக்கங்கள் கிடைக்காமல் போனதால், யாரோ கோடுபோட்ட நோட்டுத் தாளில் அந்த அத்தியாயங்களை நீல மையில் நகலெடுத்துச் சேர்த்திருக்கிறார்கள். எழுத்து சாய்வில்லாமல், ஒரு அடித்தல் கூட இல்லாமல், வசனத்துக்கு மேற்கோள் குறி சகிதம் இருக்கிறது.

இந்தத் தொகுதியைப் பிரித்து முறையாகத் தைக்கலாமே என்று படிப்பகத்தில் கேட்டார்கள். தைக்க முடியாது என்பதுதான் விடை. மடித்த பாரங்களாக இருந்தால்தான் மடிப்பில் ஊசி போடலாம்; இவை தனித்தாள்கள். ஓரத்தில் துளையிட்டுச் சணலால் இறுக்கியிருக்கிறார்கள். செய்தித்தாள் ரகத் தாள் தன் அமிலத்தாலேயே முறுகிப்போய், ஓரத்தை மடித்தால் ஒடிகிறது. பிரித்தெடுத்தால் துளையிட்ட ஓரங்கள் முழுவதும் உதிர்ந்துவிடும். ஆகவே பழைய தையலை அப்படியே விட்டேன். கழன்று தொங்கிய மேலட்டைக்கு மட்டும் துணிக் கணு கொடுத்து, கிழிந்த படங்களுக்கு முதுகில் ஜப்பானியத் தாள் ஒட்டி, அமிலமில்லா அட்டையில் ஒரு பெட்டி செய்து அதற்குள் வைத்தாயிற்று. லதாவின் படங்களில் சிலவற்றுக்குச் செல்லோடேப் போட்டிருந்தார்கள். டேப்பின் பிளாஸ்டிக் மேலேடு காய்ந்து தானாகவே உரிந்துவிட்டது. பசைதான் தேன் நிறத்தில் தாளுக்குள் இறங்கியிருந்தது. முடி உலர்த்தும் கருவியைத் தொலைவில் பிடித்து லேசாகச் சூடாக்கி, மேலே இளகியதை மட்டும் கிரேப் ரப்பரால் உருட்டி எடுத்தேன். இறங்கிய கறையை எடுக்க வேதிக் கரைப்பான் வேண்டும். அதை வீட்டு மேசையில் செய்யக் கூடாது, கறை இருந்துவிட்டுப் போகட்டும்.

வண்ணநிலவனின் 'கடல்புரத்தில்' 1977இல் வந்த சிறிய நாவல். எங்களுக்கு அதிகத் தொலைவில்லாத மணப்பாட்டைக் களமாகக் கொண்டது. எங்கள் ஊரில் அதன் நாயகி பிலோமியைத் தெரியாத வாசகர் குறைவு, அதனால் பிரதியின் நிலையைச் சொல்ல வேண்டியதில்லை. பசையால் மட்டும் நிற்கும் மெல்லட்டைக் கட்டு இது. பாரங்களின் முதுகை வெட்டிச் சொரசொரப்பாக்கி அதன்மேல் சூடான பசையை ஊற்றி அட்டையை ஒட்டுவார்கள். சில ஆண்டுகளில் பசை இறுகிப் பளிங்காகும், நடுவில் அழுத்தி விரித்தால் 'படக்' என்று ஓசையோடு இரண்டாகும். பிறகு தாள்கள் ஒவ்வொன்றாக வெளியேறும். இதற்கு மாப்பசை உதவாது. பழைய பசையை முழுக்கச் சுரண்டிவிட்டு, தாள்களைத் தட்டிச் சமன்செய்து, வெளி ஓரத்தில் இரு பலகைகளுக்கிடையே இறுக்கி, முதுகை மேல்நோக்கி நிறுத்த வேண்டும். முதுகுப் பக்கத்தை ஒருபுறமாக விசிறிபோலச் சாய்த்துப் பசை தடவினால் ஒவ்வொரு தாளின் ஓரத்திலும் ஒரு மில்லிமீட்டர் அளவுக்குப் பசை இறங்கும். அடுத்து மறுபுறம் சாய்த்துத் தடவ வேண்டும். இப்படி இருபுறமும் பிடிமானம் பெற்ற தாள் எளிதில் கழலாது, புத்தகமும் தட்டையாக விரியும். இங்கு மட்டும் வெள்ளைப் பசையைப் பயன்படுத்தினேன். இந்த நாவல் அச்சில் தொடர்ந்து கிடைக்கிறது, இந்தப் பிரதி படித்துத் தேய்வதற்காக உள்ளது. அதனிடம் நூறாண்டுக் கணக்குப் பார்ப்பதில் பொருளில்லை.

ப. சிங்காரத்தின் 'கடலுக்கு அப்பால்' கலைமகள் நாவல் போட்டியில் பரிசு பெற்று 1959இல் நூலானது. எங்களிடம் இருப்பது அவருடைய இன்னொரு நாவலான 'புயலிலே ஒரு தோணி'யோடு ஒரே அட்டைக்குள் வந்த தடித்த பிந்தைய பதிப்பு. அவர் எழுதிய நாவல்களே அந்த இரண்டுதான். இதற்கும் விசிறிப் பசைதான், தடிமன் கருதி முதுகில் மூன்று இடத்தில் ரம்பத்தால் கீறி நூல் பதித்தேன். பெரிய நாவலின் புகழில் சின்னது மறைந்துவிட்டது என்பது உண்மை. பிரதியின் முதுகைப் பார்த்தாலே தெரிந்தது: 'தோணி'யின் பக்கங்கள் மட்டும் விரிந்து தளர்ந்திருந்தன, 'அப்பால்' இறுக்கமாக இருந்தது.

உப்புக் காற்று என்ன செய்யும் என்பதைப் பார்க்க ச. து. சு. யோகியார் மொழிபெயர்த்த 'கடலும் கிழவனும்' போதும். ஹெமிங்வேயின் 1952ஆம் ஆண்டு நாவல். கியூபாவின் மீனவக் கிழவர் பெரிய மீனோடு போராடும் கதை. எங்கள் ஊரில் இதைப் படித்த பெரியவர்கள் தூண்டில் கயிற்றைப் பற்றியும் சுறாவைப் பற்றியும்தான் வாதாடுகிறார்களே தவிர, இலக்கிய நயம் பேசுவதில்லை. எங்கள் பிரதியில் பக்கவாட்டில் இரண்டு கம்பிகள் அடித்திருந்தார்கள். கடலோரத்தில் இரும்புக் கம்பி சீக்கிரமே துருப்பிடிக்கிறது. துரு தாளையும் அரிக்கிறது. கம்பியைச் சுற்றி ஒவ்வொரு தாளிலும் பழுப்பு வளையம், வளையத்துக்குள் தாள் சாம்பலாக உதிரும் நிலை. கம்பியைப் பிடுங்கக் கூடாது. பின்புறம் மடிந்திருக்கும் இரு கால்களையும், தாளுக்கும் கம்பிக்கும் இடையே ஒரு பிளாஸ்டிக் துண்டைச் செருகிவைத்து, மழுங்கிய கத்தி முனையால் நிமிர்த்தி, முன்புறமாக நேராக உருவ வேண்டும். துருவில் ஒட்டியிருந்தால் கால்களைக் குறடால் துண்டித்துவிடுவது நல்லது. துருத்தூளைத் தூரிகையால் நீக்கி, ஓட்டைகளை ஜப்பானியத் தாளால் மூடி, அதே இடத்தில் லினன் நூலால் தைத்தேன். வளையக் கறை போகாது. இனி எங்கள் படிப்பகத்தில் எந்தப் புத்தகத்துக்கும் இரும்புக் கம்பி அடிப்பதில்லை. சந்தா ரசீதை இணைக்கும் குண்டூசிக்கும் தடை போட்டாயிற்று.

தோப்பில் முகமது மீரானின் 'ஒரு கடலோர கிராமத்தின் கதை' 1988இல் வெளிவந்தது. குமரி மாவட்டத்துத் தேங்காய்ப்பட்டணத்தின் வடக்கு வீட்டு அகமதுக்கண்ணு முதலாளியும் அவர் அதிகாரம் சரிவதும் அதில் இருக்கின்றன. கட்டு நன்றாகவே இருந்தது, முன்னட்டையின் மூலைகள் மட்டும் பிய்ந்திருந்தன. யோசிக்க வைத்தது பென்சில். மலையாளமும் அரபும் கலந்த அந்தத் தமிழுக்கு, இதற்கு முன் படித்த வாசகர்கள் ஓரங்களில் பொருள் எழுதி வைத்திருக்கிறார்கள். ஒரே கையெழுத்து அல்ல. ஒருவர் எழுதியதை அடித்துவிட்டு இன்னொருவர் திருத்தியிருக்கிறார். திருத்தியவரின் விளக்கம் சரி என்று மூன்றாமவர் டிக் போட்டிருக்கிறார். நூலக நடைமுறைப்படி இதை அழிக்க வேண்டும். நான் அழிக்கவில்லை, பென்சில் எழுத்துள்ள பக்கங்களை ஈரம் படாமல் பார்த்துக்கொண்டு, மூலைகளை மட்டும் அட்டை நாருக்குள் பசை ஊட்டி இறுக்கினேன். அடுத்து வருபவர்கள் மையில் எழுதாமல் இருக்க, மேசையில் ஒரு பென்சில் கட்டித் தொங்கவிட்டிருக்கிறோம்.

மற்றவற்றைச் சுருக்கமாகவே சொல்லலாம். கடற்படையிலும் துறைமுகத்திலும் பணியாற்றிய நரசய்யாவின் 'கடலோடி'க்கு உறை மாற்றியதோடு சரி. நாகரத்தினம் கிருஷ்ணாவின் 'நீலக்கடல்' புதுப் பிரதி. கா. அப்பாதுரையின் 'குமரிக்கண்டம் அல்லது கடல்கொண்ட தென்னாடு' முதல் சில பக்கங்கள் உதிர்ந்து கிடந்தது; ஓரத்தில் மெல்லிய தாள் பட்டை கொடுத்து இணைத்தேன். குமரிக்கண்டத்தோடு இணைத்துப் பேசப்படும் லெமூரியா என்றொரு நிலப்பகுதி இந்தியப் பெருங்கடலில் மூழ்கியிருக்கலாம் என்று விலங்கியலாளர் பிலிப் ஸ்கிளேட்டர் 1864இல் முன்வைத்த ஊகம், கண்டங்கள் நகர்கின்றன என்பது உறுதியானபின் அறிவியலில் கைவிடப்பட்டுவிட்டது. ஆனாலும் எங்கள் மேசையில் மாணவர்கள் முதலில் கைவைப்பது இந்தப் புத்தகத்தில்தான் என்பதால், அதற்குப் பக்கத்தில் நிலவியல் பாடநூல் ஒன்றைத் தலைப்பு விதியை மீறி வைக்கலாமா என்று பேச்சு எழுந்தது. விதியை மீறவில்லை, கேட்பவர்களுக்கு எடுத்துக்கொடுக்கும்படி அலமாரியின் முன்வரிசைக்கு அதை நகர்த்தி வைத்தோம்.

மேசையில் அடுக்கும்போது கால வரிசையோ அகர வரிசையோ பார்க்காமல், கட்டின் வகையைப் பார்த்தே வைத்தேன். முழுதாக விரித்தால் தாங்கக்கூடியவை தட்டையாக விரிந்தபடி கிடக்கின்றன. பக்கவாட்டில் தைத்த 'கடலும் கிழவனும்' பாதிக்கு மேல் விரியாதபடி இருபுறமும் சாய்வுப் பலகை கொடுத்திருக்கிறது. 'கடல்புறா' பெட்டி திறந்திருக்கும், ஆனால் கேட்டால்தான் கையில் எடுத்துக் கொடுக்கப்படும். படிக்க விரும்புகிறவர்களுக்கு அதே நாவலின் அச்சுப் பதிப்பு மூன்று பாகங்களும் இரவல் உண்டு. மேசை சுவரிலிருந்து ஒரு சாண் தள்ளிப் போடப்பட்டிருக்கிறது. ஈரப்பதம் 65 சதவீதத்தைத் தாண்டினால் பூஞ்சணம் கிளம்பும் என்பதால், கார்த்திகை மாதத்தில் புத்தகங்கள் மேசையில் இரவு தங்குவதில்லை, விசிறி ஓடும் உள்ளறைக்குப் போகின்றன. சாண்டில்யனின் 'கடல் ராணி' ஒரு பிரதி இன்னும் அழுத்தியில் இருக்கிறது. அதன் முதுகுக்கு வேண்டிய மல் துணி தீர்ந்துபோனதால், அண்ணாச்சி மதுரைக்குப் போகும்போது வாங்கி வருவதாகச் சொல்லியிருக்கிறார்.